மீன் இவ்வளவு விலை விக்குது, அப்புறம் ஏன் மீனவர்கள் எப்பவும் கடன்லயே இருக்காங்க?

நான் பாம்பன் பக்கம், அப்பா சித்தப்பா எல்லாரும் நாட்டுப்படகுல தொழிலுக்குப் போறவங்க, அதனால வீட்ல பாத்தத சொல்றேன்.

நீங்க கிலோ ஆயிரம் குடுத்து வாங்குற சீலாவுக்கு (வஞ்சிரம்) கரையில என்ன ரேட்டுங்கறத பிடிச்சவர் முடிவு பண்றது இல்ல. வலை வாங்கணும், என்ஜின் மாத்தணும்னு பேங்குக்குப் போனா பத்திரம் கேப்பாங்க, வியாபாரிகிட்ட கேட்டா அன்னைக்கே ரொக்கம், வட்டின்னு ஒரு வார்த்தை பேச மாட்டாரு. ஆனா அந்த அட்வான்ஸ் தீர்ற வரைக்கும் மீனை அவருக்குத்தான் போடணும், அவர் சொல்றதுதான் விலை, எடையிலயும் கழிவு எடுப்பாரு. வட்டி அதுக்குள்ளதான் இருக்கு. அட்வான்ஸ் எங்க தீருது, பாதி அடையுறதுக்குள்ள வலை கிழிஞ்சிடும், திரும்ப அவர்கிட்டயேதான் போகணும்.

விக்கிற காசுலயும் டீசல், ஐஸ், சாப்பாடு, அப்புறம் படகுப் பங்கு, வலைப் பங்கு எல்லாம் போக மிச்சம்தான் ஆளுங்களுக்கு. மீன் கிடைக்காத அன்னைக்கு டீசல் காசும் கடன்தான்.

விசைப்படகுக்காரங்களுக்கு ஏப்ரல் 15ல இருந்து ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடை (2017க்கு முன்னாடி 45 நாள்தான்). நிவாரணம் குடும்பத்துக்கு 8000, ரெண்டு மாசத்துக்கு. ஸ்கூல் ஃபீஸும் அதே நேரம்தான் வரும், அதனால கூலிக்குப் போறவங்க படகு ஓனர்கிட்ட அட்வான்ஸ் வாங்கிடுவாங்க, அது அடையாம வேற படகுக்கு மாற முடியாது. நாட்டுப்படகுக்கு தடை இல்ல, விலையும் கொஞ்சம் ஏறும், ஆனா கச்சான் காத்து (தென்மேற்குக் காத்து) கிளம்பிட்டா தென்கடல்ல, அதாவது மன்னார் வளைகுடா பக்கம், வலை போட முடியாது.

பொம்பளைங்க கடல்பாசி எடுக்கப் போறது தனிக்கதை. மன்னார் வளைகுடா தீவுகளை ஒட்டி நீர் வத்துற நேரம் இறங்கி, விரல்ல துணி சுத்திக்கிட்டு பாறையில மரிக்கொழுந்து பாசி பறிப்பாங்க. தீவெல்லாம் 1986லயே தேசியப் பூங்கா ஆயிடுச்சு, அதனால ஃபாரஸ்ட்காரங்க பயம் வேற. ஐஸ்கிரீம், ஜெல்லிக்குப் போடற அகர் அதுல இருந்தும் எடுக்குறாங்க, ஆனா காய வச்ச பாசிக்கும் விலை சொல்றது வியாபாரிதான்.

வேற வழியே இல்லையான்னா இருக்கு. கன்னியாகுமரி, கேரளா பக்கம் சிஃப்ஸ்ல (SIFFS, தென்னிந்திய மீனவர் சங்கங்களோட கூட்டமைப்பு) சேர்ந்த மீனவர் சங்கங்க கரையிலயே சொந்தமா ஏலம் போடுறாங்க, கடனும் சங்கம் மூலமா கிடைக்கும், விக்கிற காசுல கொஞ்சம் கொஞ்சமா பிடிச்சுக்குவாங்க. இத அப்பாகிட்ட சொன்னா, "சரிடா, முதல் வருசம் வலைக்கு எவன் காசு போடுவான்?"னு கேக்குறாரு.