நடிகர் பீட்டர் செல்லர்ஸ் 1982-ல் வந்த 'டிரெயில் ஆஃப் த பிங்க் பேந்தர்' படத்தில் நடித்தாரா? அவருடைய படப் பட்டியலில் எப்படிக் குறிப்பது?

'பழைய காட்சி' என்று குறித்து 1982-லேயே போடுங்க. 'கடைசிப் படம்' என்று எழுதிவிடாதீங்க. செல்லர்ஸ் இறந்தது 1980 ஜூலை 24. 'டிரெயில் ஆஃப் த பிங்க் பேந்தர்' வந்ததோ 1982-ல். அதற்காக அவர் புதிதாக எதுவும் நடிக்கவில்லை.

'ஏற்கெனவே பார்த்த காட்சி மாதிரி இல்லையே' என்று படம் பார்த்துக் குழம்பினால், அதற்குக் காரணம், முன்பாதியில் வருவது பெரும்பாலும் இதே வரிசையில் 1976-ல் வந்த படத்துக்காக எடுத்து வெட்டிப்போட்ட துண்டுகள். அதுவரை திரைக்கே வராதவை.

சரிபார்க்க, க்ளூசோவின் (செல்லர்ஸ் நடித்த துப்பறிவாளர் பாத்திரம்) விமானம் காணாமல் போகும் இடத்தைப் பிடிங்க. அதற்குப் பிறகு ஒரு பெண் நிருபர் அவரைத் தெரிந்தவர்களைப் பேட்டி எடுப்பார். நடுநடுவே முந்தைய படங்களின் துண்டுகள் ஓடும். அந்தத் துண்டுகளை முந்தைய படங்களோடு ஒப்பிட்டால் எது எதிலிருந்து என்று பிடிபடும்.

ஒன்று கவனம்: இதில் வரும் இன்னொரு நடிகர் டேவிட் நிவெனையும் பழைய காட்சிக் கணக்கில் சேர்த்துவிடாதீங்க. அவர் புதிதாகவே நடித்தார். உடல்நிலையால் குரல் எடுபடாமல் அவருக்குக் குரல் நடிகர் ரிச் லிட்டில் டப்பிங் பேசினார், பாவம்.

உரிமைச் சிக்கல் பற்றிக் குறிப்பு வேண்டுமென்றால், செல்லர்ஸின் மனைவி லின் ஃப்ரெடரிக் வழக்குப் போட்டு, 10 லட்சம் டாலருக்கு மேல் இழப்பீடு வாங்கினார்.