கட்டடங்களும் அரசு நிறுவனங்களும் நாட்டை வளர்க்குமா? டெல்லியிலிருந்து ஒரு பதில்

கேள்வி இதுதான்: நல்ல கட்டடங்கள், வேலை, அரசு நிறுவனங்கள் எல்லாம் சேர்ந்து ஒரு நாட்டை உருவாக்குகின்றன என்பது உண்மையா, மேடைப் பேச்சா?

உண்மைதான். ஆனால் வாசலில் நின்று அண்ணாந்து பார்த்தால் அது புரியாது. யார் கையால் எழும்பியது, எழும்பிய பிறகு யாருக்கு இடம் கிடைத்தது, இரண்டையும் சேர்த்துக் கேட்க வேண்டும். நான் வளர்ந்தது டெல்லி ஆர்.கே.புரம் அரசுக் குடியிருப்பில். பிழைப்பு கட்டுமானத் துறையில். அதனால் டெல்லியை வைத்தே சொல்கிறேன்.

சுதந்திரத்துக்குப் பிந்தைய முதல் பத்துப் பன்னிரண்டு வருடங்களைப் பாருங்கள். யுனெஸ்கோ பொது மாநாட்டுக்காக 1956-ல் விஞ்ஞான் பவன் என்ற மாநாட்டு மண்டபம் வந்தது. அதே வருடம் சட்டம் போட்டு எய்ம்ஸ். நாடாளுமன்றக் கட்டடத்தில் ஒரு மண்டபத்தில் இயங்கிவந்த உச்ச நீதிமன்றம் 1958-ல் சொந்த இடத்துக்குப் போனது. அதை வடிவமைத்த கணேஷ் பிகாஜி தேவலாலிகர், மத்தியப் பொதுப்பணித் துறைக்குத் தலைவரான முதல் இந்தியர். கையில் காசில்லாத நாடு இவ்வளவையும் கட்டியது.

எனக்கு இவை எல்லாவற்றையும்விட முக்கியமானது ஹால் ஆஃப் நேஷன்ஸ் என்ற கண்காட்சி மண்டபம். 1972-ல், சுதந்திர வெள்ளி விழா ஆண்டில், ஆசியா 72 வர்த்தகக் கண்காட்சிக்காகப் பிரகதி மைதானத்தில் கட்டினார்கள். கட்டடக் கலைஞர் ராஜ் ரேவால், ஸ்ட்ரக்சுரல் இன்ஜினியர் மகேந்திர ராஜ். ஒரு பக்கம் மட்டும் 70 மீட்டருக்கு மேல். நடுவில் ஒரு தூண்கூடக் கிடையாது. இப்படிப்பட்ட ஸ்பேஸ் ஃபிரேமை, அதாவது முக்கோணங்களாகப் பின்னிய கூண்டு போன்ற அமைப்பை, வெளிநாடுகளில் பெரும்பாலும் இரும்பில்தான் செய்வார்கள். தொழிற்சாலையிலிருந்து அளவாக வந்து இறங்கும், சைட்டில் பொருத்தி முடுக்கினால் வேலை முடிந்தது. நம்மிடம் அதற்கான இரும்பு கிடைக்கவில்லை, கிடைத்ததும் கட்டுப்படியாகவில்லை. இருந்தது சிமெண்டும் ஆட்களும். மொத்தத்தையும் கான்கிரீட்டில், அந்த இடத்திலேயே வார்த்துவிட்டார்கள்.

சைட்டில் நின்றவர்களுக்குத்தான் இதன் கஷ்டம் தெரியும். நேராக நிற்கும் தூணுக்கு சென்ட்ரிங் (கலவை ஊற்றும் பலகை அச்சு) அடிப்பதே கவனமாகச் செய்யவேண்டிய வேலை. இங்கே எல்லாம் சாய்வு. நாலா பக்கமிருந்தும் சாய்ந்து வரும் உறுப்புகள் ஒரு முடிச்சில் வந்து கூடும். அத்தனை உறுப்புகளின் கம்பியும் அந்தச் சின்ன இடத்துக்குள் ஒன்றோடொன்று இடிக்காமல் நுழைய வேண்டும். அந்த நெரிசலுக்கு நடுவே கலவை அடிவரை இறங்கவும் வேண்டும். அங்கே ஹனிகோம்ப் (கலவை போய்ச் சேராத ஓட்டை) விழுந்தால் போச்சு, பாரம் எல்லாம் அந்த முடிச்சு வழியாகத்தான் இறங்குகிறது. காகிதத்தில் கணக்குப் போட்டவர் எவ்வளவு பெரிய மேதையோ, அதே அளவு திறமை கம்பி கட்டியவருக்கும் பலகை அடித்த தச்சருக்கும் இருந்தாக வேண்டும். அந்த முக்கோணக் கண்ணிகளின் ஆழமே டெல்லி வெயிலையும் மறைத்தது. பற்றாக்குறையிலிருந்து பிறந்த வடிவம் அது. என் பார்வையில் நம் நாட்டின் மிக நேர்மையான கட்டடம்.

2017 ஏப்ரலில் ஒரே இரவில் இடித்துவிட்டார்கள். 60 வயது ஆகாத கட்டடம் பாரம்பரியப் பட்டியலுக்குத் தகுதியில்லை என்றார்கள். அதற்கு 45 வயதுகூட நிறையவில்லை. அதே வளாகத்தில் பாரத் மண்டபம் வந்தது, 2023-ல் ஜி20 மாநாடும் நடந்தது. புது மண்டபம் வேண்டாம் என்பதல்ல என் கட்சி. சிவில் படிக்கிற ஒரு பிள்ளையைக் கூட்டிக்கொண்டுபோய், "பார், இரும்பு இல்லாதபோது நாம் இப்படிச் செய்தோம்" என்று காட்ட இனி ஒன்றும் இல்லை. அதுதான் வலிக்கிறது.

இனி வீடுகள். அப்பா பரீட்சை எழுதி மத்திய அரசில் யூ.டி.சி.யாக, அதாவது மேல்நிலை எழுத்தராக, இருந்தவர். எங்களுடையது குவார்ட்டர்ஸ், அரசு ஊழியருக்கு ஒதுக்கும் வீடு. சம்பளத்தைப் பார்த்து டைப் (வீட்டின் வகை), சர்வீஸைப் பார்த்து முறை; மொழியோ ஊரோ அந்தக் கணக்கில் வராது. ஊரில் சாதிக்கொரு தெரு என்று வளர்ந்தவர்கள் இங்கே ஒரே படிக்கட்டில் ஏறி இறங்கினார்கள். அம்மா மாவாட்டினால் கீழ் வீட்டுக் கூரை அதிரும். கீழ் வீட்டுப் பஞ்சாபி ஆன்ட்டி சண்டைக்கு வரவில்லை. "பெஹன்ஜி, இதையும் சேர்த்து ஆட்டிடுங்க" என்று ஊறவைத்த உளுந்தை மகனிடம் கொடுத்தனுப்பினார், தஹி பல்லாவுக்கு (தயிர் வடைக்கு). வீட்டை அரசு தந்தது. மலை மந்திர் என்ற முருகன் கோயிலையும், தில்லித் தமிழ்க் கல்விக் கழகத்தின் ஏழு பள்ளிகளையும் தமிழர்கள் தாங்களே கூடி எழுப்பிக்கொண்டார்கள். காலூன்ற ஒரு வீடு கிடைத்தால் மனிதர்கள் அடுத்த நிறுவனத்தைத் தாங்களே கட்டுவார்கள் என்பதை நான் பார்த்து வளர்ந்தேன்.

ஆனால் டெல்லிக்கு வந்த தமிழர்கள் எல்லோரும் பரீட்சை எழுதி வந்தவர்கள் இல்லை. தென்கிழக்கு டெல்லி ஜங்புராவில் பாராபுல்லா கால்வாயை ஒட்டி மதராஸி கேம்ப் என்ற குடிசைப் பகுதி இருந்தது. பல பத்தாண்டுகளாக வீட்டுவேலை, துப்புரவு, கூலிவேலை, டிரைவர் வேலை பார்த்த தமிழ்க் குடும்பங்கள். உயர் நீதிமன்ற உத்தரவின்படி 2025 ஜூன் 1 அன்று இடித்தார்கள். கால்வாய் அடைத்து மழைக்கு வெள்ளம் வருகிறது என்பது காரணம். அது பொய்க் காரணமில்லை. சுமார் 370 வீடுகளில் 189 குடும்பங்களுக்குத்தான் மாற்று வீடு பெறத் தகுதி என்று கண்டார்கள். அதுவும் நகரத்தின் வடகோடியில், நரேலாவில். ஜங்புராவில் காலை ஏழு மணிக்கு வேலைக்கு வரவேண்டிய அக்கா அங்கிருந்து எத்தனை மணிக்கு பஸ் ஏறுவார்? பிள்ளைகள் பலர் படித்தது லோதி எஸ்டேட் தமிழ்ப் பள்ளியில். அந்த ஏழு பள்ளிகளில் ஒன்றுகூட நரேலாவில் இல்லை.

கோபத்தோடுதான் இதை எழுதுகிறேன். கோப்பு தள்ளிய எங்களுக்கு ஆபீஸுக்குப் போய்வரும் தூரத்தில் வீட்டைத் திட்டமிட்ட அதே நாடு, கலவை சுமந்தவருக்கும் பாத்திரம் கழுவியவருக்கும் வரைபடத்தில் ஒரு கோடுகூடப் போடவில்லை. இடமில்லை, பணமில்லை என்பதை நான் ஏற்கமாட்டேன். நௌரோஜி நகரில் பழைய குவார்ட்டர்ஸை இடித்து, வேர்ல்ட் டிரேட் சென்டர் என்று அலுவலகங்கள் கட்டி விற்று, அந்தப் பணத்தில் அரசு ஊழியர் குடியிருப்புகளைப் புதுப்பிக்க வழி கண்டுபிடித்தார்கள். அதே வழியில் ஜங்புராவுக்குப் பக்கத்திலேயே தொழிலாளர் குடியிருப்பும் கட்டலாம்.

கட்டுமானத் தொழிலாளருக்கென்றே ஒரு நிறுவனம் இருக்கிறது, பலருக்குத் தெரியாது என்பதால் சொல்கிறேன். 1996-ல் சட்டம் போட்டுத் தொடங்கிய முறைப்படி, கட்டுமானச் செலவில் 1 சதவீதம் செஸ் (தனி வரி) வசூலித்து நல வாரியத்தில் சேர்க்கிறார்கள். வசூலான பணம் செலவாகாமலே கிடக்கிறது என்று உச்ச நீதிமன்றமே மாநிலங்களைக் கண்டித்திருக்கிறது. 18 முதல் 60 வயதுக்குள் இருந்து, முந்தைய 12 மாதங்களில் 90 நாள் கட்டுமான வேலை பார்த்திருந்தால் பதிவு செய்துகொள்ளலாம். உங்கள் வீட்டு மாடி வேலைக்கு வருகிற மேஸ்திரியிடமும் சித்தாளிடமும் நல வாரிய கார்டு இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால் உங்களிடம் வேலை பார்த்த நாட்களுக்குச் சான்றிதழில் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள். வேலை கொடுத்தவரின் கையெழுத்து கிடைக்காமல் நின்றுபோகும் விண்ணப்பங்களும் உண்டு.