அமாவாசை இரண்டு நாள் வந்தால்?

கேள்வி: அப்பா தவறி மூன்று வருடமாகிறது. இந்த மாதம் அமாவாசை முதல் நாள் காலை 11 மணிக்குப் பிறந்து, மறுநாள் காலை 10 மணிக்கு முடிகிறது. மறுநாள் சூரிய உதயத்தில் அமாவாசை இருப்பதால் அன்றைக்குத் தர்ப்பணம் செய்யலாமா? காவிரிக்குப் போக லீவும் கிடைக்கவில்லை.

– வாசகர் ஒருவர், கும்பகோணம்

பதில்: முதல் நாள்தான் செய்ய வேண்டும்.

திதி என்பது நள்ளிரவில் மாறும் தேதி இல்லை. சூரியனை விட்டுச் சந்திரன் 12 பாகை விலகினால் ஒரு திதி. சந்திரனின் வேகம் கூடிக் குறைவதால், ஒரு திதி சுமார் 19 மணி நேரத்திலும் முடியும், 26 மணி நேரம் வரையும் போகும். அதனால்தான் அது இரண்டு நாளில் விழுகிறது. எந்த நாளை எடுப்பது என்பது காரியத்தைப் பொறுத்தது. பிரதோஷத்துக்குச் சாயங்காலம் பார்க்கிறோம் இல்லையா, அதுபோல முன்னோர்களுக்குச் செய்யும் பிதுர் காரியத்துக்கு அபராஹ்னம், அதாவது பிற்பகல். பகலை ஐந்தாகப் பிரித்தால் நாலாவது பங்கு. ஆறு மணிக்குச் சூரிய உதயம், ஆறுக்கு அஸ்தமனம் என்றால் பகல் 1.12 முதல் 3.36 வரை. உங்கள் கணக்கில் முதல் நாள் அந்த நேரம் முழுக்க அமாவாசை; மறுநாள் அந்த நேரத்தில் அடுத்த திதியான பிரதமை. தினசரி காலண்டரில் 'சர்வ அமாவாசை' என்று போட்டிருக்கிறதா பாருங்கள், அதுவும் முதல் நாளாகவே இருக்கும். வாக்கியப் பஞ்சாங்கத்துக்கும் திருக்கணிதப் பஞ்சாங்கத்துக்கும் நேரம் முன்பின் ஆகும். உங்கள் அப்பா எதைப் பார்த்தாரோ அதையே பாருங்கள்.

காவிரி கிடைக்கவில்லையே என்று வருத்தப்படாதீர்கள். என் அப்பாவும் ஆடி, தை, மகாளய அமாவாசைகளுக்குத்தான் ஸ்ரீரங்கத்தில் காவிரிக்கரை அம்மா மண்டபத்துக்குப் போவார். மற்ற மாதங்களில் வீட்டு முற்றம்தான். செம்பில் தண்ணீர், தாம்பாளத்தில் தர்ப்பை. கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே எள்ளும் தண்ணீரும் இறங்கும். ஒவ்வொரு பெயராக நிதானமாகச் சொல்லுவார். அவருடைய அம்மாவின் பெயர் வரும்போது மட்டும் குரல் ஒரு சுற்று தணியும். ஈரக் கையில் ஒட்டிய எள்ளைக்கூட உதறமாட்டார். தண்ணீர் விட்டுக் கழுவித் தாம்பாளத்திலேயே சேர்ப்பார். அப்புறம் அந்தத் தண்ணீரைக் கால்படாத இடமாகப் பார்த்து, கொல்லையில் வாழையடியில் விட்டுவிட்டு வருவார். அதுவரை அவருக்குச் சாப்பாடு கிடையாது.

அன்று ஆபீசில் அரை நாள் மட்டும் லீவு கேட்டுப் பாருங்கள். மதியத்துக்கு மேல் கிடைத்தால் போதும்.