ஃபைட் மாஸ்டர் ஆகணும், அம்மா விடமாட்டேங்கிறார்

கேள்வி: எனக்கு 23 வயது. ஒன்பது வருடமாகச் சிலம்பமும் கராத்தேயும் கற்கிறேன். ஹீரோ ஆசையெல்லாம் இல்லை, ஃபைட் மாஸ்டர் ஆகவேண்டும். “முகமே தெரியாத வேலைக்கா இத்தனை வருஷம் அடி வாங்கின?” என்கிறார் அம்மா. என்ன செய்யட்டும்?
– வாசகர், மதுரை

பதில்: தம்பி, அம்மாவின் கேள்வி நியாயம்தான். ஹாங்காங் ஃபைட் மாஸ்டர் யுவன் வூ-பிங் வீட்டிலும் அதே முகம் தெரியாத வேலைதான். அவருடைய அப்பா பாட்டும் சாகசமும் கலந்த சீன மேடை நாடகமான பீக்கிங் ஓபராவிலிருந்து வந்தவர், குங்ஃபூ வீரர் வோங் ஃபெய்-ஹங்கைப் பற்றிய பழைய படங்களுக்குச் சண்டை அமைத்தவர். மகனும் கூட்டத்தோடு கூட்டமாக அடி வாங்கித்தான் ஆரம்பித்தார். 1971இல் சண்டை இயக்குநர், 1978இல் 33 வயதில் முழுப்பட இயக்குநர். அந்த வருடம் அவர் எடுத்த இரண்டு படங்கள்தான், அதுவரை சரியாக ஓடாத ஜாக்கி சானைத் தூக்கி நிறுத்தின. இரண்டிலும் கிழட்டுக் குருவாக வருவது யார் தெரியுமா? அந்த அப்பாவேதான்! அறுபதைத் தாண்டியபிறகு ஊருக்கெல்லாம் தெரிந்த முகமாகி, 1979 தொடக்கத்தில் போய்ச் சேர்ந்துவிட்டார்.

மகனை ஹாலிவுட்டின் ‘மேட்ரிக்ஸ்’ படத்துக்குக் கூப்பிட்டபோது, நடிகர்கள் படப்பிடிப்புக்கு முன்னால் நாலு மாதம் பயிற்சி எடுக்கணும், சண்டை முழுக்க என் பொறுப்பு என்று நிபந்தனை போட்டார். ஹீரோ கியானு ரீவ்ஸுக்கோ அப்போதுதான் கழுத்தில் ஆபரேஷன் ஆகியிருந்தது, காலைத் தூக்கி உதைக்கவே முடியாது, அதனால் கைச்சண்டையில் தொடங்கி மெல்ல மெல்ல உதைக்குக் கொண்டுபோனார்கள். (நம்ம ‘எந்திரன்’ டைட்டிலிலும் அவர் பெயர் உண்டு, பார்த்திருப்பீர்கள்.)

இதில் உங்களுக்கான விஷயம், வித்தை தெரிந்தால் மட்டும் போதாது, எதிரே நிற்கும் உடம்பால் என்ன முடியும், கேமரா எங்கே நிற்கிறது, இரண்டும் தெரியணும். மொபைலில் ஒரு குத்தை எடுத்துப் பாருங்கள். பக்கவாட்டில் வைத்தால் முஷ்டிக்கும் தாடைக்கும் நடுவே இருக்கும் ஒரு சாண் இடைவெளி பல்லிளிக்கும், வாங்குகிறவர் தோளுக்குப் பின்னால் வைத்தால் அதே குத்து நச்சென்று விழும். தலையைத் திருப்புவது அரை நொடி தாமதித்தால் மறுபடி சொதப்பல்.

அப்புறம், நேரே மாஸ்டர் நாற்காலிக்கு ஆசைப்படாதீர்கள். ஸ்டண்ட் யூனியனில் உறுப்பினராக என்ன வழி என்று விசாரித்து, ஃபைட்டராகச் சேர்ந்து, ரோப் கட்டவும் விழவும் பழகுங்கள். எடிட்டிங் ஓரளவாவது தெரிந்து வைத்திருங்கள். அடிபட்டால் செலவு யாருடையது என்று கூச்சப்படாமல் முதல் நாளே கேட்டுவிடுங்கள்.

அம்மாவிடம் அந்த மொபைல் வீடியோவைக் காட்டுங்கள். “ஐயோ, நிஜமாவே பட்டுடுச்சா?” என்று பதறினால் சென்னைக்கு டிக்கெட் போடலாம். சிரித்தால் இன்னொரு டேக்.