போலந்து நாட்டுப் பெண் இயக்குநர்களில் உங்களை மிகவும் பாதித்தவர் யார்? ஏன்?

வாண்டா யாகுபோவ்ஸ்கா. இந்தக் கேள்விக்குப் பலரும் ஆக்னியெஷ்கா ஹாலந்தின் பெயரைச் சொல்லக்கூடும். அவர் மீதும் எனக்குப் பெருமதிப்பு உண்டு. ஆயினும், கைதியாக நின்ற அதே மண்ணுக்குக் கேமராவுடன் திரும்பிச் சென்றவர் என்பதால் யாகுபோவ்ஸ்காவை என்னால் மறக்க முடியவில்லை.

1907-இல் வார்சாவில் பிறந்த அவர், இணைந்து இயக்கிய முதல் கதைப்படம் 1939 செப்டம்பரில் திரைக்கு வரவிருந்த வேளையில் போர் மூண்டது. அந்தப் படமும் போரோடு அழிந்தது. 1942-இல் நாஜிகளின் இரகசியக் காவல்படையான கெஸ்டபோ அவரைக் கைது செய்து வார்சாவின் பாவியாக் சிறையில் அடைத்தது. அடுத்த ஆண்டு நாஜிகளின் ஆஷ்விட்ஸ் வதைமுகாம். இதைப் படமாக்கியே தீர வேண்டும் என்ற எண்ணம்தான் அங்கே தன்னை உயிரோடு வைத்திருந்தது என்று அவர் பின்னாளில் கூறினார்.

விடுதலைக்குப் பின், உடன் கைதியாயிருந்த கெர்டா ஷ்னைடர் என்ற ஜெர்மானியப் பெண்ணோடு சேர்ந்து திரைக்கதை எழுதி, 1947-இல் அந்த முகாமிலேயே படமெடுத்து, 1948-இல் வெளியிட்டதுதான் 'கடைசிக் கட்டம்'. முன்னாள் கைதிகள் பலரும் அதில் நடித்தனர். தொடக்கத்தில் ஒரு காட்சி வரும். ஆள் கணக்கெடுப்புக்காக நிற்கும் வரிசையில் நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்திக்கு இடுப்புவலி எடுக்கிறது; சுற்றியிருக்கும் பெண்கள் தோளோடு தோள் ஒட்டி, மெல்ல அசைந்தாடியபடி, அவள் கீழே விழாமல் தாங்கிக்கொள்கிறார்கள். அங்கே நின்ற ஒருவரால்தான் அந்த அசைவை இவ்வளவு துல்லியமாகக் காட்டியிருக்க முடியும் என்றே எனக்குத் தோன்றுகிறது.

எலும்புக்கூடான உடல்கள், பிணக்குவியல்கள், பேன், எலி ஆகியவற்றை அவர் தெரிந்தே தவிர்த்தார். பார்ப்பவர்களால் அவற்றைத் தாங்க முடியாது என்பதே அவர் சொன்ன காரணம். அதை நான் ஏற்கிறேன். இறுதிக் காட்சியை அப்படி ஏற்க இயலவில்லை. மாலா ஜிமெட்பாம் என்ற உண்மையான கைதியைத் தழுவி உருவான நாயகி மார்த்தா சாகும் தறுவாயில், மீட்பின் அறிகுறியாக வானில் விமானங்கள் வருகின்றன. 1944-இல் மாலா இறந்தபோது அப்படி எதுவும் வரவில்லை. யாகுபோவ்ஸ்கா உறுதியான கம்யூனிஸ்ட். அந்த நம்பிக்கை இவ்விடத்தில் உண்மையை மீறிவிட்டது. 1953-இல் போலந்தின் கம்யூனிஸ்ட் ஜெனரல் ஷ்வியெர்செவ்ஸ்கியைப் போற்றி அவர் எடுத்த படத்தில் இந்தக் குறை இன்னும் கூடுதலாகவே தெரிகிறது.

இருந்தும், இரவில் ரயில் முகாமுக்குள் நுழையும் அவருடைய காட்சியை பிரெஞ்சு இயக்குநர் அலென் ரெனே வதைமுகாம்கள் பற்றிய தம் ஆவணப்படத்தில் எடுத்தாண்டார். வதைமுகாம் என்ற பொருளை யாகுபோவ்ஸ்கா அதோடு விட்டுவிடவில்லை. 1964-இலும் 1985-இலும் அதற்கே திரும்பினார். கடைசி முறை அவருக்கு வயது எழுபத்தைந்தைக் கடந்திருந்தது.