காலத்தை ஆளும் கற்பனைக் கனிமத்துக்கு எந்த உண்மைக் கனிமம் முன்மாதிரியாகும்?

மிகைப்புனைவு உலகில் காலத்தை ஆளும் கனிமம் ஒன்றைப் படைப்பவர்கள், கைக்கடிகாரத்துக்குள் நொடிக்கு 32,768 முறை அதிரும் குவார்ட்சைத்தான் முதலில் நினைப்பார்கள். என் தேர்வு சிர்கான். அது படிகமாகும்போது யுரேனியத்தை ஏற்றுக்கொண்டு ஈயத்தை ஏறக்குறைய முற்றிலும் விலக்கிவிடுவதால், பின்னாளில் அதற்குள் காணப்படும் ஈயம் பெரும்பாலும் யுரேனியம் சிதைந்து பிறந்ததே. இரண்டின் விகிதத்தை அளந்தால் படிகத்தின் வயது தெரிந்துவிடும். மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸ் பகுதியில் கிடைத்த, மணல் துகள் அளவே உள்ள ஒரு சிர்கான், சுமார் 440 கோடி ஆண்டு பழமையானது என இவ்வாறுதான் கணிக்கப்பட்டது. தாய்ப்பாறை அரிக்கப்பட்டு மறைந்த பின்னும் அந்தத் துகள் எஞ்சியிருக்கிறது. ஆனால், தான் சுமக்கும் யுரேனியத்தின் கதிர்வீச்சாலேயே சிர்கானின் படிக ஒழுங்கு மெல்லச் சிதைகிறது. உங்கள் கனிமமும் காலத்தை அடைத்துவைத்த அளவுக்கு உள்ளிருந்தே நொறுங்குமானால், அதன் ஆற்றலுக்குக் கதையில் ஒரு விலை அமைந்துவிடும்.