ஒன்பதாம் மாதத்தில் பௌர்ணமியே வராது

உங்கள் கற்பனை உலகக் கதையில் அரசனின் முடிசூட்டு விழாவை ஒன்பதாம் மாதப் பௌர்ணமியில் வைக்கக் கேட்டிருந்தீர்கள். அதை எட்டாம் மாதம் 28-க்கோ பத்தாம் மாதம் 2-க்கோ நகர்த்திவிடுங்கள். ஒன்பதாம் மாதப் பௌர்ணமி உங்கள் உலகத்தில் கிடையாது.

மாதம் 28 நாள், நிலவுச் சுற்று 30 நாள் என்று வைத்துவிட்டு, இரண்டும் ஒன்றாகவே ஓடும் என்று நினைத்து எழுதியிருப்பீர்கள் போல. முதல் மாதம் 14-இல் பௌர்ணமி என்றால் அடுத்தது 16, பிறகு 18 என்று மாதத்துக்கு இரண்டு நாள் தள்ளும். எட்டாம் மாதக் கடைசி நாளில் விழும் பௌர்ணமி ஒன்பதைத் தாண்டிக் குதித்துவிடும்.

சரிபார்க்க: 14-இல் தொடங்கி 30, 30 ஆகக் கூட்டி ஒரு தாளில் எழுதுங்கள். ஆண்டின் 224-ஆம் நாளுக்கு அடுத்து 254-ஆம் நாள். ஒன்பதாம் மாதமோ 225 முதல் 252 வரை.

நானாக இருந்தால் இதைத் திருத்தவே மாட்டேன். நிலவு நிறையாத மாதத்தில் அரசன் முடிசூடுவது கதைக்கு நல்ல தீனி. நம் நிலவும் இப்படித்தான்: 12 சுற்றுக்கு 354 நாள், ஆண்டுக்கு 11 நாள் குறைவு. அதனால்தான் 19 ஆண்டுக்கு 7 மாதம் கூடுதலாகச் சேர்க்கும் வழக்கம் வந்தது.

ஒன்று மட்டும்: உங்கள் ஆண்டு 13 மாதம், 364 நாள். அடுத்த ஆண்டின் முதல் பௌர்ணமி 10-இல் வரும், பௌர்ணமி இல்லாத மாதம் பதினொன்றாகிவிடும். இரண்டாம் பாகத்துக்குக் கணக்கைப் புதிதாகப் போடுங்கள்.